எல்லையில் நிற்கும் மூலகங்கள்

பொற்கொல்லரின் பட்டறையில் நகைக்குப் பற்றாசு வைத்து ஊதும்போது பயன்படும் வெண்காரத்தையும், நாட்டு மருந்துக் கடையில் கறுத்து மின்னும் அஞ்சனக்கல்லையும், கூத்தாடுவோர் முகத்திற்கு மஞ்சள் நிறம் தந்த அரிதாரத்தையும் நம் முன்னோர் பல நூற்றாண்டுகளாக அறிந்திருந்தார்கள். ஆனால் இம்மூன்று பதார்த்தங்களுக்குள் முறையே அடங்கியிருக்கும் போரான், ஆண்டிமனி, ஆர்சனிக் என்ற மூலகங்களும், சிலிகான், ஜெர்மானியம், டெல்லூரியம் என்ற வேறு மூன்று மூலகங்களும் ஒரே வரிசையில் வைத்து எண்ணத்தக்கவை என்று ரசாயன சாஸ்திரம் கண்டுகொண்டது அண்மைக் காலத்தில்தான். இந்த ஆறையும் நம் பாடநூல்கள் உலோகப்போலிகள் என்று அழைக்கின்றன. பரீட்சைக்குப் படிக்கும் மாணவர் இப்பெயர்களை மனப்பாடம் செய்து ஒப்பித்துவிட்டு அடுத்த பாடத்திற்குப் போய்விடுகிறார். இவை ஏன் உலோகங்களோடு சேரவில்லை, ஏன் அலோகங்களோடும் சேரவில்லை என்பதை அவருக்கு நின்று நிதானமாக எடுத்துச் சொல்வார் குறைவு. அந்தக் காரணத்தில்தான் இப்பொருளின் சுவையெல்லாம் இருக்கிறது.

முதலில் பட்டறையில் நடப்பதைச் சற்று அருகிருந்து பார்ப்போம். தட்டார் சிறு வெண்காரக் கட்டியை நீர் விட்டுக் கல்லில் உரைத்து, அந்தக் குழம்பை மெல்லிய தூரிகையால் தொட்டு, ஒட்டவேண்டிய விளிம்புகளில் தடவி, பற்றாசுத் துணுக்கை அதன்மேல் வைத்து, ஊதுகுழலால் தீச்சுடரை அவ்விடத்தில் பாய்ச்சுகிறார். வெண்காரம் முதலில் பொரிந்து வெண்ணுரையாகப் பொங்குகிறது. பிறகு அடங்கி, தெளிந்த கண்ணாடித் துளியாக உருகிப் பரவுகிறது. பரவும்போதே உலோகத்தின் மேற்பரப்பில் படிந்திருந்த ஆக்ஸைடு மாசைத் தன்னுள் கரைத்துக்கொண்டு, பற்றாசு தடையின்றி ஓடிப் பிடிப்பதற்கு வழி செய்துவிடுகிறது. இப்படி உலோக ஆக்ஸைடுகளைக் கரைக்கும் சக்தி வெண்காரத்திற்கு வாய்த்ததற்குக் காரணம், போரானின் ஆக்ஸைடு அமில குணம் உடையதாக இருப்பதே. உலோக ஆக்ஸைடுகளோ பெரும்பாலும் கார குணம் உடையவை. ஆகவே இந்த ஒரு காரியத்தில் போரான் ஐயத்திற்கு இடமின்றி அலோகங்களின் பக்கம் நிற்கிறது. அதே போரானைத் தூய படிகமாகப் பிரித்து எடுத்தாலோ, கருமையும் மினுமினுப்பும் வைரத்தை நெருங்கும் கடினமும் கொண்டு, 2,000 டிகிரி சென்டிகிரேடுக்கு மேலான உஷ்ணத்தில்தான் உருகும் திடப்பொருளாகக் காட்சி தருகிறது. கந்தகத்தையும் பாஸ்பரஸையும் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இதை அவற்றின் இனம் என்று சொல்ல மனம் வராது.

உலோகம் என்பது இன்னது என்று நம் அனுபவமே நமக்குக் கற்பித்திருக்கிறது. செம்பைத் தட்டினால் தகடாகிறது, இழுத்தால் கம்பியாகிறது; துலக்கினால் பளபளக்கிறது; உஷ்ணத்தையும் மின்சாரத்தையும் தாராளமாகக் கடத்துகிறது. கந்தகமோ தட்டினால் பொடியாகிறது. அதனிடம் பளபளப்பும் இல்லை, மின்சாரத்திற்கு இடமும் இல்லை. இவ்விரண்டையும் மனத்தில் வைத்துக்கொண்டு தூய சிலிகான் கட்டி ஒன்றைக் கையில் எடுத்துப் பார்த்தால், அறிவு சிறிது தடுமாறும். நீலச் சாயல் படர்ந்த கருஞ்சாம்பல் நிறமும் முகம் தெரியும் பளபளப்பும் அதை உலோகம் என்றே சொல்லத் தூண்டும். ஆனால் கையில் அது அலுமினியத்தைக் காட்டிலும் இலேசாக இருக்கும். சுத்தியலால் ஓர் அடி அடித்தால் தகடாக விரியாமல், கூரிய விளிம்புகள் உள்ள சில்லுகளாகச் சிதறிப்போகும். மின்சாரத்தைக் கடத்துமா என்று சோதித்தால், கடத்தும். ஆயினும் சாதாரண உஷ்ண நிலையில் செம்பு அதைக் காட்டிலும் பதினாயிரம் கோடி மடங்குக்கு மேல் நன்றாகக் கடத்தும். அந்தச் சிலிகானை மேலும் சூடாக்கினால் அதன் கடத்தும் திறன் பெருகுகிறது என்பது எல்லாவற்றிலும் விசேஷமானது. செம்பையோ இரும்பையோ சூடாக்கினால் அத்திறன் குறையும்.

இத்தகைய பொருள்கள் பழைய ரசாயனிகளை எவ்வளவு திகைக்க வைத்தன என்பதற்கு, பிரெஞ்சு விஞ்ஞானி லவாய்சியர் 1789-ஆம் ஆண்டில் வெளியிட்ட மூலகப் பட்டியலே சான்று. அதில் ஆர்சனிக்கும் ஆண்டிமனியும் தங்கத்தோடும் வெள்ளியோடும் உலோகங்களாக எண்ணப்பட்டிருந்தன. சிலிகானின் ஆக்ஸைடாகிய மணற்சத்து, மேற்கொண்டு பிரிக்க முடியாத மண்வகைகளுள் ஒன்றாக வைக்கப்பட்டிருந்தது. போரானோ இன்னும் எவரும் பிரித்துக் காணாத அலோக மூலமாக வேறொரு பகுதியில் குறிக்கப்பட்டிருந்தது. ஒரே வரிசையில் நிற்கவேண்டியவை இவ்வாறு மூன்று திசைகளில் சிதறிக் கிடந்தன. 1808-இல் போரானும், 1824-இல் ஸ்வீடன் நாட்டு பெர்சீலியஸின் கையால் சிலிகானும் தனித்துப் பிரிக்கப்பட்ட பிறகும், இவற்றுக்கிடையே உள்ள உறவு புலப்படாமலே இருந்தது. அதற்கு ரஷ்யப் பேராசிரியர் மெண்டலீவ் வரவேண்டியிருந்தது.

மெண்டலீவ் 1869-இல் மூலகங்களை அணு எடையின் வரிசையில் அடுக்கி, குணங்கள் திரும்பத் திரும்ப வருவதைக் கண்டு, ஆவர்த்தன அட்டவணையை அமைத்தார் என்பது பலரும் அறிந்த கதை. அந்த அட்டவணையில் சிலிகானுக்கு நேர் கீழே ஓர் இடம் காலியாக இருந்ததும், அவ்விடத்திற்கு உரிய மூலகத்தை எவரும் கண்டிராத நிலையிலேயே அதற்கு ஏக சிலிகான் என்று பெயர் சூட்டி, அதன் அணு எடை 72 அளவில் இருக்கும், அடர்த்தி 5.5 இருக்கும், அதன் குளோரைடு 100 டிகிரிக்குச் சற்றுக் குறைவான உஷ்ணத்தில் கொதிக்கும் திரவமாக இருக்கும் என்று அவர் 1871-இல் எழுதி வைத்ததும் நம் விஷயத்திற்கு மிகவும் முக்கியமானவை. பதினைந்து ஆண்டுகள் கழிந்தன. ஜெர்மனியின் பிரைபெர்க் நகருக்கு அருகில் உள்ள சுரங்கத்தில் புதிதாகக் கிடைத்த ஆர்கிரோடைட் என்ற வெள்ளித் தாதுவை வின்க்ளர் என்ற ரசாயனி பகுத்துப் பார்த்தார். எத்தனை முறை நிறுத்தாலும், வெள்ளி, கந்தகம் முதலிய எல்லாவற்றையும் கூட்டிய பின்னும் ஏறக்குறைய நூற்றுக்கு ஏழு பங்கு எடை கணக்கில் வராமல் நின்றது. அளவையில் பிழை என்று அதைத் தள்ளிவிட அவர் சம்மதிக்கவில்லை. மாதக்கணக்கில் உழைத்து 1886-இல் அந்த விடுபட்ட பங்கைப் புதிய மூலகமாகப் பிரித்து எடுத்து, தம் தாய்நாட்டின் பெயரால் ஜெர்மானியம் என்று பெயரிட்டார். அதன் அணு எடை 72.6, அடர்த்தி 5.3, குளோரைடின் கொதிநிலை 86 டிகிரி அளவு. விஞ்ஞான சரித்திரத்தில் இத்தனை நேர்த்தியாகப் பலித்த முன்னறிவிப்புகள் மிகச் சிலவே.

மெண்டலீவின் அட்டவணையை இன்றைய உருவத்தில் விரித்து வைத்துப் பார்த்தால், இடப்பக்கமும் நடுவிலும் உலோகங்கள் நிறைந்திருக்க, வலப்பக்கத்து மேல் மூலையில் அலோகங்கள் திரண்டிருப்பதைக் காணலாம். இரண்டுக்கும் நடுவே போரானில் தொடங்கி வலக்கீழாகப் படிப்படியாக இறங்கும் சாய்கோட்டின் இருமருங்கிலும் உலோகப்போலிகள் அமர்ந்திருக்கின்றன. இந்தச் சாய்வுக்குத் தக்க காரணம் உண்டு. அட்டவணையில் வலப்பக்கம் செல்லச் செல்ல அணுவின் கரு தன் எலக்ட்ரான்களை மேலும் இறுகப் பற்றிக்கொள்கிறது. கீழே இறங்க இறங்க அணு பருத்து, வெளி எலக்ட்ரான்களின் மேல் உள்ள பிடி தளர்கிறது. வலப்புறம் ஓர் அடியும் கீழ்ப்புறம் ஓர் அடியும் ஒருசேர வைத்தால், இறுக்கமும் தளர்வும் ஏறக்குறையச் சரிக்கட்டிக்கொள்கின்றன. எலக்ட்ரானைத் தன்பால் இழுக்கும் விருப்பத்தைப் பாலிங் என்ற அமெரிக்க விஞ்ஞானி வகுத்த அளவுகோலால் அளந்தால், சிலிகானுக்கு 1.90, ஜெர்மானியத்துக்கு 2.01, போரானுக்கு 2.04, ஆண்டிமனிக்கு 2.05, டெல்லூரியத்துக்கு 2.1, ஆர்சனிக்குக்கு 2.18 என்று ஆறும் ஒரே குறுகிய எல்லைக்குள் வந்து விழுகின்றன. இதே அளவுகோலில் சோடியத்திற்கு 0.93-உம் குளோரினுக்கு 3.16-உம் ஆகும். எலக்ட்ரானை இலேசில் விட்டுக்கொடுக்கும் உலோகத்திற்கும், அதைப் பறித்துக்கொள்ளும் அலோகத்திற்கும் இடையே, பகிர்ந்துகொள்வதையே தம் சுபாவமாகக் கொண்டவை இவை என்பது இந்த எண்களால் விளங்கும்.

அந்தச் சுபாவம் ரசாயன வினைகளில் இன்னும் தெளிவாக வெளிப்படுகிறது. சித்த வைத்தியத்தில் வெள்ளைப் பாடாணம் என்று பெயர் பெற்ற ஆர்சனிக் ஆக்ஸைடைக் காரத்தில் இட்டால், அமிலமாக நடந்து காரத்தோடு கூடி உப்பாகிறது. கடும் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் இட்டாலோ, அங்கே காரமாக நடந்து குளோரைடாக மாறுகிறது. ஆண்டிமனி, ஜெர்மானியம், டெல்லூரியம் ஆகியவற்றின் ஆக்ஸைடுகளும் இவ்வாறே ஈரியல்பு உடையவை. ஆயினும் இந்த ஓர் இலட்சணத்தை மட்டும் பிடித்துக்கொண்டு உலோகப்போலி என்று முடிவு கட்டிவிடலாகாது. அலுமினியத்தின் ஆக்ஸைடும் துத்தநாகத்தின் ஆக்ஸைடும் அமிலத்திலும் காரத்திலும் கரைபவையே, ஆனால் அலுமினியமும் துத்தநாகமும் உலோகங்கள் என்பதில் எவருக்கும் ஐயம் கிடையாது. தோற்றம், உடையும் தன்மை, மின்சாரத்தைக் கடத்தும் விதம், எலக்ட்ரானைப் பற்றும் வலிமை, ஆக்ஸைடின் நடத்தை ஆகிய எல்லாவற்றையும் சேர்த்து நிறுத்துத்தான் தீர்ப்புச் சொல்லவேண்டும்.

ஆர்சனிக்கைப் பற்றிச் சிறிது தனியே சொல்லத் தோன்றுகிறது. அதைத் திறந்த நிலையில் சூடாக்கினால், உருகாமலே 615 டிகிரி அளவில் நேராக ஆவியாகிவிடுகிறது. அந்த ஆவியில் பூண்டின் நெடி வீசும். அந்த ஆவியைத் திடீரென்று குளிரவைத்தால், மெழுகு பதத்தில் மஞ்சள் நிறமான ஆர்சனிக் கிடைக்கிறது. அது கார்பன் டைசல்பைடில் கரைகிறது. எவ்வகையில் பார்த்தாலும் அது அலோகமே. ஆனால் சிறிது வெளிச்சம் பட்டால் போதும், அந்த மஞ்சள் பொருள் உலோகப் பளபளப்பும் கிட்டத்தட்ட மூன்று மடங்கு அடர்த்தியும் கொண்ட சாம்பல் நிற ஆர்சனிக்காக மாறிவிடுகிறது. இந்தச் சாம்பல் ஆர்சனிக் செம்பின் திறனில் ஏறக்குறைய இருபதில் ஒரு பங்கு மின்சாரத்தைக் கடத்தவும் செய்கிறது. ஓர் அணுவும் கூடாமல், ஓர் அணுவும் குறையாமல், அடுக்கப்பட்ட விதம் மட்டும் மாறியதால் அலோகத் தோற்றம் போய் உலோகத் தோற்றம் வந்துவிட்டது.

ஆண்டிமனிக்கு நாம் எல்லோரும் ஒரு விதத்தில் கடன்பட்டவர்கள். அச்சுக்கூடங்களில் தமிழ்ப் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் தலைமுறை தலைமுறையாக அச்சிட்ட எழுத்துகள் ஈயத்தோடு ஆண்டிமனியும் வெள்ளீயமும் கலந்து வார்த்தவை. வெறும் ஈயம் மிருதுவானது. இயந்திரத்தின் அழுத்தத்தைத் தாங்காமல் சீக்கிரமே மழுங்கிவிடும். ஆறும்போது சுருங்குவதால் எழுத்தின் நுண்ணிய வளைவுகளும் சிதைந்துபோகும். ஆண்டிமனி சேர்ந்ததும் உலோகம் இறுகியது. ஆறும்போது ஏற்படும் சுருக்கமும் மிகக் குறைந்தது. தனியே இருந்தால் உரலில் இட்டு இடித்துப் பொடியாக்கிவிடக்கூடிய ஒரு பொருள், ஈயத்தின் உடலுக்கு உறுதி கொடுத்து, ஞ, ண, ழ ஆகிய எழுத்துகளின் சுழிகளை நமக்குக் காப்பாற்றிக் கொடுத்தது. டெல்லூரியத்தைப் பற்றிச் சொல்ல இத்தனை இல்லை. பூமியின் மேலோட்டில் மிக அரிதானது, தங்கத்தோடு கூடித் தாதுவாகக் கிடைப்பது, இன்று காட்மியத்தோடு சேர்ந்து சூரிய ஒளியிலிருந்து மின்சாரம் எடுக்கும் பலகைகளில் பயன்படுவது என்ற அளவில் நிறுத்திக்கொள்ளலாம்.

உலோகப்போலிகளின் அரைகுறைக் கடத்துத்திறன் வெகுகாலம் குறையாகவே கருதப்பட்டது. ஜெர்மானியம் கண்டுபிடிக்கப்பட்டு ஐம்பது ஆண்டுகள் ஆன பின்னும், மின்சாரத்தைச் சரிவரக் கடத்தாத மட்டமான உலோகம் என்றே அதை மதித்தார்கள். ரசாயனிகளின் அலமாரிக்கு வெளியே அதற்குப் பெரிய உபயோகம் ஒன்றும் ஏற்படவில்லை. அதில் கலந்திருந்த சிறு அசுத்தங்களை நீக்கி மிகத் தூயதாக எடுத்த பிறகுதான் அதன் உண்மை இயல்பு தெரிந்தது. சிலிகானிலும் ஜெர்மானியத்திலும் ஒவ்வோர் அணுவும் தன் நான்கு வெளி எலக்ட்ரான்களை அண்டையில் உள்ள நான்கு அணுக்களோடு பகிர்ந்துகொண்டு நிற்கிறது. எல்லா எலக்ட்ரான்களும் இவ்வாறு பிணைப்பில் கட்டுண்டு கிடப்பதால் மின்சாரத்தைச் சுமந்து செல்ல ஆள் இல்லை. வைரத்திலும் இதே ஏற்பாடுதான். ஆனால் வைரத்தில் ஓர் எலக்ட்ரானைக் கட்டிலிருந்து விடுவிக்க 5.5 எலக்ட்ரான் வோல்ட் சக்தி வேண்டும், சிலிகானில் 1.1 போதும், ஜெர்மானியத்தில் 0.7-ஏ போதும். ஆகையால் சாதாரண உஷ்ணமே சிற்சில எலக்ட்ரான்களைக் கட்டவிழ்த்துவிடுகிறது. உஷ்ணம் ஏற ஏற விடுபடுவனவும் பெருகுகின்றன. சூடாக்கினால் கடத்தும் திறன் கூடுகிறது என்று முன்பு சொன்னதன் ரகசியம் இதுவே. எலக்ட்ரானைக் கட்டவிழ்க்க இப்படித் தாண்டவேண்டிய சக்தி இடைவெளி ஆர்சனிக்கிலும் ஆண்டிமனியிலும் இல்லை என்பதால், அவை சூடேறும்போது உலோகங்களின் வழியையே பின்பற்றுகின்றன. ஒரே வரிசையில் உள்ள ஆறும் எல்லாக் குணங்களிலும் ஒன்றுபட்டவை என்று எண்ணிவிடக் கூடாது.

இப்போது ஒரு கோடி சிலிகான் அணுக்களுக்கு ஒன்று என்ற கணக்கில் போரான் அணுவைப் புகுத்தினால் என்ன ஆகிறது என்று பாருங்கள். போரானிடம் மூன்று வெளி எலக்ட்ரான்களே உண்டு. நான்காவது பிணைப்பில் ஒரு காலியிடம் விழுகிறது. அந்தக் காலியிடத்தில் பக்கத்து எலக்ட்ரான் ஒன்று வந்து புகுந்தால், அது விட்டு வந்த இடம் காலியாகிறது. இவ்வாறு இடம் மாறி மாறி மின்சாரம் ஓடத் தொடங்குகிறது. ஐந்து வெளி எலக்ட்ரான்கள் உடைய ஆர்சனிக்கையோ ஆண்டிமனியையோ புகுத்தினால், பிணைப்புக்கு வேண்டாத ஓர் எலக்ட்ரான் மிஞ்சி, அது தன் போக்கில் திரியும். இத்தனை சொற்பமான கலப்பினால் சிலிகானின் கடத்தும் திறன் பல ஆயிரம் மடங்கு உயர்ந்துவிடுகிறது. செம்பின் கடத்துத்திறனை இப்படி நம் இஷ்டத்திற்கு ஏற்றவும் இறக்கவும் இயலாது, கந்தகத்திலும் இயலாது. நடுவில் நிற்பதனாலேயே உலோகப்போலிக்கு அந்த இணக்கம் கிடைத்தது. அமெரிக்காவின் பெல் ஆராய்ச்சிக்கூடத்தில் 1947 டிசம்பரில் பார்டீன், பிராட்டன் என்ற இருவர் ஜெர்மானியத் துண்டு ஒன்றின்மேல் இரண்டு தங்க முனைகளை மிக நெருக்கமாகப் பதித்து உலகின் முதல் டிரான்சிஸ்டரை இயக்கிக் காட்டினார்கள். அவர்களோடு ஷாக்லி என்ற விஞ்ஞானிக்கும் சேர்த்து 1956-இல் நோபல் பரிசு வழங்கப்பட்டது. சூடேறினால் ஜெர்மானியத்தில் எலக்ட்ரான்கள் மிதமிஞ்சி விடுபட்டு வேலை கெட்டுப்போவதால், 1954 முதல் சிலிகான் டிரான்சிஸ்டர்கள் விற்பனைக்கு வந்தன. சில ஆண்டுகளில் அவையே ஜெர்மானியத்தின் இடத்தைப் பிடித்துக்கொண்டன. நம் சட்டைப்பையில் இருக்கும் கைப்பேசிக்குள் சிலிகானும் அதில் கலந்த உலோகப்போலிகளும் இக்கணமும் வேலை செய்துகொண்டிருக்கின்றன.

இத்தனைக்குப் பிறகும், உலோகப்போலிகள் மொத்தம் எத்தனை என்று கேட்டால் எல்லோரும் ஒப்புக்கொள்ளும் பட்டியல் ஒன்று கிடையாது. மேலே சொன்ன ஆறும் பெரும்பாலும் எல்லாப் புத்தகங்களிலும் இடம்பெறும். அவற்றுக்கு அப்பால் ஆசிரியருக்கு ஆசிரியர் வேறுபாடு. வெளிச்சம் பட்டால் மின்சாரத்தை அதிகமாகக் கடத்தும் செலினியத்தின் அற்புத குணத்தை 1873-இல் வில்லோபி ஸ்மித் என்பவர் வெளிப்படுத்தினார். அதனால் செலினியத்தைச் சிலர் சேர்க்கிறார்கள். அதன் ரசாயன நடத்தை கந்தகத்தையே பெரிதும் ஒத்திருப்பதால் பலர் விலக்குகிறார்கள். வெள்ளீயம் 13.2 டிகிரிக்கு மேல் நல்ல உலோகம். அதற்குக் கீழே நெடுநாள் இருந்தால் உதிரும் சாம்பல் நிறப் பொருளாகி, சிலிகானின் படிக அமைப்பை எடுத்துக்கொள்கிறது. பென்சிலுக்குள் இருக்கும் கிராபைட், மின்சாரத்தைக் கடத்தியும் அலோகமாகவே எண்ணப்படுகிறது. மலையும் காடும் வயலும் கடற்கரையுமாக நிலத்தைப் பகுத்த நம் தொல்காப்பியர், ஒரு திணைக்குரியது மற்றொன்றில் கலந்து வருதலையும் இலக்கணத்துக்கு ஏற்புடையதாகவே கொண்டார். மூலகங்களின் பகுப்பிலும் அந்த மயக்கத்திற்கு இடம் கொடுத்தே ஆகவேண்டும். வகைகள் நாம் கற்றுக்கொள்வதற்காக வகுத்தவை; அணுவுக்குத் தெரிந்தது தன் கருவும் எலக்ட்ரான்களும் மட்டுமே.

சாய்கோட்டின் அடியில் இருக்கும் இரண்டு மூலகங்களைப் பற்றிய வழக்கு இன்னும் சுவாரஸ்யமானது. கியூரி தம்பதியர் 1898-இல் கண்ட பொலோனியத்தைப் பல பழைய புத்தகங்கள் உலோகப்போலி என்று குறித்திருக்கின்றன. ஆனால் அது சூடேறும்போது செம்பு முதலியவற்றைப் போலவே கடத்தும் திறனை இழக்கிறது, அமிலத்தில் கரைந்து நேர் மின்னூட்டம் உள்ள அயனியாகிறது. ஆகவே அதை உலோகம் என்று கொள்வதே நியாயம் என்பது என் கருத்து. 1940-இல் கலிபோர்னியாவின் பெர்க்லியில் செயற்கையாக உண்டாக்கப்பட்ட அஸ்டாடைன் அதற்கு அடுத்த கட்டத்தில் நிற்கிறது. அதன் வகைகளில் நீண்ட ஆயுள் உடையதற்கும் அரை ஆயுள் எட்டு மணி நேரத்திற்குச் சற்று அதிகமே; கண்ணுக்குத் தெரியும் அளவுக்குச் சேர்த்தாலும், தன் கதிரியக்க உஷ்ணத்தாலேயே அது ஆவியாகிப் போய்விடும். அது திடப்பொருளாகத் திரண்டால் உலோகமாகவே இருக்கும் என்று 2013-இல் கணித முறையில் கண்டு சொல்லியிருக்கிறார்கள். ஆனால் அந்தக் கணக்கைச் சரிபார்க்கப் போதுமான ஒரு துண்டு அஸ்டாடைனை உலகில் இதுவரை எவரும் பார்த்ததில்லை. ஆகையால் சில அட்டவணைகள் அதை உலோகப்போலி என்றும், சில அலோகம் என்றும் இன்றும் அச்சிட்டு வருகின்றன.